பேசாப்பட நகைச்சுவையில் அரசியல் நக்கல்: எதைப் போடலாம், எப்படிப் போடணும்?

கொட்டகை ராசா:
திரைப்படச் சங்கத் திரையிடல் ஒன்றுக்கு 90 நிமிட நிகழ்ச்சி அமைக்க வேண்டும். நிபந்தனை இரண்டுதான். 1925-க்கு முந்தைய பேசாப்படமாக இருக்கணும். சிரிப்பு நிஜமான ஓர் ஆளையோ சட்டத்தையோ அரசையோ குறி வைத்ததாக இருக்கணும். ‘மாடர்ன் டைம்ஸ்’, ‘தி கிரேட் டிக்டேட்டர்’ வேண்டாம், அதெல்லாம் பார்த்துத் தீர்த்தாச்சு. அரங்கில் டிஜிட்டல் புரொஜெக்டர்தான், ஃபிலிம் ஓட்ட வழியில்லை. வருகிறவர்களில் பாதிப்பேர் கல்லூரிப் பிள்ளைகள். நூறு வருசத்துக்கு முந்தைய அமெரிக்க, பிரெஞ்சு அரசியல் அவர்களுக்குத் தெரிய நியாயமில்லை. என்ன வரிசை, எவ்வளவு முன்னுரை?

சுருள்பெட்டி:
‘டெரிபிள் டெடி, தி கிரிஸ்லி கிங்’கில் ஆரம்பியுங்கள். எடிசன் கம்பெனிக்காக எட்வின் போர்ட்டர் 1901 தொடக்கத்தில் எடுத்தது. மொத்தமே இரண்டு ஷாட், ஓடுவது ஒரு நிமிடம் சொச்சம். தியடோர் ரூஸ்வெல்ட் அப்போது துணை ஜனாதிபதியாகத் தேர்வாகி, இன்னும் பதவியேற்காத நேரம். கொலராடோவில் மலைச்சிங்க வேட்டைக்குப் போயிருந்தார். பத்திரிகைகள் அதை ஊதிப் பெருக்கின. பத்திரிகை முதலாளி ஹர்ஸ்டின் நியூயார்க் ஜர்னலில் ஹோமர் டேவன்போர்ட் கார்ட்டூன் போட்டுக் கிழித்துக்கொண்டிருந்தார். போர்ட்டர் அந்தக் கார்ட்டூனை அப்படியே ஆள் வைத்து எடுத்துவிட்டார்.

பனிச்சரிவில் கண்ணாடி போட்ட ஒருத்தர் துப்பாக்கியோடு பாய்ந்து வருகிறார். பின்னால் இரண்டு பேர். ஒருத்தர் மேல் ‘என் பத்திரிகைத் தொடர்பாளர்’ என்று பலகை, இன்னொருத்தர் மேல் ‘என் புகைப்படக்காரர்’ என்று பலகை. டெடி மரத்தைப் பார்த்துச் சுடுகிறார், விழுவது வீட்டுப் பூனை. அதைப் போய்க் கத்தியால் வேறு குத்துகிறார். ஒருத்தர் படமெடுக்க, இன்னொருத்தர் குறிப்பெழுத, தலைவர் வெற்றிக்களிப்பில் நிற்கிறார். இரண்டாவது ஷாட்டில் டெடி குதிரையில் வர, அந்த இருவரும் நடையாகப் பின்தொடர்கிறார்கள்.

இன்றைய பிள்ளைகளுக்கு இதை விளக்கவே வேண்டாம். பலகையைத் தமிழில் படித்தால் போதும், யார் யாரையோ நினைத்துக்கொண்டு சிரிப்பார்கள்.

இது பிழைத்த கதையும் தெரிந்துகொள்ளுங்கள். 1912-க்கு முன் அமெரிக்காவில் காப்புரிமைக்குப் படமாகப் பதிய சட்டத்தில் இடமில்லை. அதனால் ஒவ்வொரு ஃப்ரேமையும் நீளக் காகிதச் சுருளில் புகைப்படமாக அச்சடித்து, அமெரிக்க நாடாளுமன்றத்தின் நூலகமான காங்கிரஸ் நூலகத்தில் கொடுத்தார்கள். நைட்ரேட் ஃபிலிம் எரிந்தும் உளுத்தும் போனது, காகிதம் தங்கியது. பின்னாளில் அதையே மறுபடி ஃபிலிமில் எடுத்தார்கள். படம் கொஞ்சம் நடுங்கும், மங்கலாக இருக்கும். கூர்மையேற்றும் மென்பொருளைப் போட்டுத் தொலைத்துவிடாதீர்கள், பலகை எழுத்து இன்னும் மோசமாகும்.

மாயவிளக்கு:
பிரெஞ்சு இயக்குநர் மெலியே இல்லாமலா? 1905-இல் வந்த பாரிஸ்–மாண்டி கார்லோ கார்ப் பயணப் படம். பாரிஸின் ஃபோலி பெர்ஜேர் அரங்க நிகழ்ச்சிக்காகச் செய்தது, பத்து நிமிடம். குறி: பெல்ஜியம் மன்னர் இரண்டாம் லியோபோல்ட். கார்ப் பைத்தியம், ஓட்டத் தெரியாது என்று பேரெடுத்தவர். படத்தில் இரண்டே மணி நேரத்தில் மாண்டி கார்லோ சேரப் போகிறார். வழியில் ஒரு போலீஸ்காரர் மேல் ஏற்றித் தட்டையாக்கிவிடுகிறார்கள். பம்பை வைத்துக் காற்றடித்து எழுப்பப் பார்க்கிறார்கள், அளவு மீறி அடித்ததில் ஆள் வெடித்தே போகிறார். கேட்கவா வேண்டும், அரங்கம் அதிரும்.

அடுத்து ‘கால்வாய்க்கு அடியில் சுரங்கம்’, 1907, ஏறக்குறைய 15 நிமிடம். இங்கிலாந்து மன்னர் ஏழாம் எட்வர்டும் பிரெஞ்சு ஜனாதிபதி ஃபாலியேரும் கடலடிச் சுரங்கம் கட்டுவதாகக் கனவு காண்கிறார்கள். ரயில் ஓடுகிறது, மோதுகிறது, வெள்ளம் புகுகிறது. விழித்த பிறகு, நிஜமான பொறியாளர் வரைபடத்தோடு வந்து நிற்க, அடித்து விரட்டுகிறார்கள். அதே 1907-இல்தான் அந்தச் சுரங்க மசோதா பிரிட்டனில் கிளம்பி, படையெடுப்புப் பயத்தில் படுத்துவிட்டது.

வானதி க.:
மாயவிளக்கு சொன்ன லியோபோல்ட் படத்தைப் போடுங்கள். ஆனால் அதோடு ஒன்றையும் சொல்லிவிடுங்கள். 1904-இல் பிரிட்டிஷ் தூதர் கேஸ்மென்டின் அறிக்கை வந்து, காங்கோவில் லியோபோல்ட் ஆட்சி ரப்பருக்காகச் செய்த கொடுமை உலகத்துக்குத் தெரிந்துவிட்டது. படத்தில் அதைப் பற்றி மூச்சு இல்லை. மன்னரின் கார் ஓட்டும் லட்சணம்தான் கேலி. அரசனைக் கிண்டல் செய்தது போலவும் இருக்கும், யாருக்கும் வலிக்கவும் செய்யாது. ஆரம்ப காலப் படங்களில் ‘அரசியல் நையாண்டி’ என்று போடப்படுவதில் பாதி இந்த ரகம்.

மறுபாதி இன்னும் சங்கடம். பெண்களுக்கு வாக்குரிமை கேட்டுப் போராடியவர்களைக் கேலி செய்யும் படங்கள் அப்போது எக்கச்சக்கம். 1913-இல் பிரிட்டனின் கிளாரண்டன் கம்பெனி எடுத்த ‘மில்லிங் தி மிலிட்டன்ட்ஸ்’ பாருங்கள். மனைவி போராட்டத்துக்குப் போக, வீட்டில் பிள்ளைகளோடு மாட்டிக்கொண்ட கணவன் தூங்கிப்போய், தானே பிரதமராகிப் போராட்டக்காரிகளுக்கு விதவிதமாகத் தண்டனை போடுவதாகக் கனவு காண்கிறான். 1914-இல் சாப்ளினே பெண்வேடத்தில் ரவுடித்தனம் பண்ணும் ‘எ பிஸி டே’ இருக்கிறது. நையாண்டி என்றாலே அடிபட்டவன் பக்கம் என்று நினைத்து வரிசை போட்டால் வரலாறு பொய்யாகிவிடும். ஒன்றாவது எதிர்ப்பக்கத்திலிருந்து இருக்கட்டும்.

என் தேர்வு பிரெஞ்சுப் பெண் இயக்குநர் அலிஸ் கீ கோமோன் கம்பெனியில் எடுத்த ‘பெண்ணியத்தின் விளைவுகள்’, 1906, ஏழு நிமிடம். ஆண்கள் தொப்பி தைக்கிறார்கள், துணி தேய்க்கிறார்கள், குழந்தையைத் தள்ளிக்கொண்டு போகிறார்கள். பெண்கள் காபிக்கடையில் கால்மேல் கால் போட்டுக் குடிக்கிறார்கள், புகைக்கிறார்கள், தெருவில் போகிற ஆணைச் சீண்டுகிறார்கள். கடைசியில் ஆண்கள் பொங்கியெழுந்து கடையைப் பிடித்துக்கொள்கிறார்கள். பெண்ணியத்துக்கு எதிரான படம் என்று அப்படியே ரசித்தவர்களும் இருந்திருப்பார்கள். ஆனால் அந்த ஏழு நிமிடமும் திரையில் தெரிவது ஆண்கள் தினசரி செய்கிற அட்டூழியத்தின் பட்டியல். யாரும் முகத்தைக் கோணவில்லை, துரத்தல் இல்லை. நடிப்பு நிதானமாக, சாதாரண வாழ்க்கை போலவே நடக்கிறது. அதனால்தான் உறைக்கிறது.

நந்தம்பாக்கம் ஆபரேட்டர்:
படத்தைத் தேர்ந்தெடுப்பதைவிட எந்தப் பிரதி, எந்த வேகம் என்பதில்தான் இந்த நிகழ்ச்சிகள் கவிழ்கின்றன. வேகக் கணக்கு இது.

35 மி.மீ. ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 ஃப்ரேம். கேமராமேன் கைப்பிடியை ஒரு சுற்றுச் சுற்றினால் 8 ஃப்ரேம். விநாடிக்கு இரண்டு சுற்று என்றால் 16. சாப்ளினின் ‘தி இமிக்ரன்ட்’ ஏறக்குறைய 1800 அடி, அதாவது 28,800 ஃப்ரேம். விநாடிக்கு 16 என்று ஓட்டினால் 30 நிமிடம், 20 என்றால் 24 நிமிடம், பேசும்படத்தின் 24 என்றால் 20 நிமிடம். இணையத்தில் கிடைக்கும் பழைய பிரதிகள் பல 24-இல் ஓடுகின்றன. உதை, ஓட்டம், விழுதல் எல்லாம் இந்த வேகத்திலும் சிரிப்பு தரும். அரசியல் நக்கல் தராது. ஏனென்றால் அது பெரும்பாலும் ஒருத்தன் நின்று, பார்த்து, திரும்பவும் பார்க்கிற அரை விநாடியில் இருக்கிறது. அந்த அரை விநாடிதான் முதலில் காணாமல் போகும்.

16-ம் வேண்டாம், இழுக்கும். படத்தில் நடப்பவர்களின் காலைப் பாருங்கள். சும்மா நடக்கிறவர் சும்மா நடப்பது போல் தெரிகிற வேகம்தான் சரி. ‘இமிக்ரன்ட்’ போல மியூச்சுவல் கம்பெனிக்காகச் சாப்ளின் எடுத்த படங்களுக்கு 18-லிருந்து 20 வரை வைத்துப் பார்க்கலாம்.

உங்கள் டிஜிட்டல் சர்வர் 18, 20 வேகத்தை நேராக ஏற்காமல் போகலாம். அப்படியானால் சில ஃப்ரேமை இரண்டு முறை போட்டு 24 ஆக்குங்கள்: 20-க்கு ஐந்தில் ஒரு ஃப்ரேமை இரட்டிப்பது, 18-க்கு மூன்றில் ஒன்று, 16-க்கு இரண்டில் ஒன்று. கேமரா பக்கவாட்டில் திரும்பும் ஷாட்டில் லேசாகத் தட்டும், அவ்வளவுதான். இரண்டு ஃப்ரேமைக் கலந்து நடுவில் புதிதாக உருவாக்கும் வசதியைப் போடாதீர்கள். கை கால் எல்லாம் பேய்நிழல் விழும்.

அப்புறம் சட்டகம். ஒலிப்பட்டை சேர்த்த மறுவெளியீட்டுப் பிரதியில் படத்தின் இடது ஓரம் ஒரு பட்டை போயிருக்கும், ஏனென்றால் ஒலிப்பட்டை உட்காரும் இடம் அதுதான். சாப்ளினின் மியூச்சுவல் படங்கள் 12-ஐயும் வான் பியூரன் கம்பெனி 1932-இல் இசை, சத்தம் சேர்த்து வெளியிட்டது. அந்த வழியில் வந்த பிரதிகள் இன்றும் சுற்றுகின்றன. இத்தாலியின் போலோனா திரைப்படக் காப்பகமும் பாரிஸின் லாப்ஸ்டர் நிறுவனமும் சேர்ந்து மீட்டெடுத்த பிரதியைத் தேடுங்கள். 4:3 படத்தை 16:9 திரை நிரம்பப் பெரிதாக்கிவிடுவது இன்னொரு பாவம்: உயரத்தில் கால்பங்கு, 25 சதவீதம், வெட்டுப்படும். தொப்பி மேலே போகும், உதைக்கிற கால் கீழே போகும்.

சுருள்பெட்டி:
ஆபரேட்டர் சொன்ன ‘அரை விநாடி’க்கு ‘தி இமிக்ரன்ட்’தான் சரியான சாட்சி. கப்பல் காட்சியை மெதுவாகப் பாருங்கள்.

‘சுதந்திர நாட்டை வந்தடைதல்’ என்று ஓர் எழுத்து அட்டை. அடுத்து சுதந்திர தேவி சிலை. எல்லாரும் கப்பல் ஓரத்தில் நின்று நெகிழ்ந்து பார்க்கிறார்கள். உடனே அதிகாரிகள் வந்து, ஒரு கயிற்றைக் குறுக்கே இழுத்து, அத்தனை பேரையும் ஆடுமாடு போலப் பின்னுக்குத் தள்ளுகிறார்கள். கயிற்றுக்குள் நெருக்கியடிக்கிற சார்லி திரும்பி, சிலை இருக்கும் பக்கம் ஒரு பார்வை பார்க்கிறார். வசனமில்லை, அட்டையுமில்லை. அட்டை, சிலை, கயிறு, பார்வை: இந்த வரிசைதான் மொத்த நக்கலும். நடுவில் ஒன்றை உருவினால் மிச்சம் வெறும் தள்ளுமுள்ளு. வீட்டுக்காட்சிக்கென்று சுருக்கிய 8 மி.மீ. பிரதிகளில் அட்டைகளைத்தான் முதலில் வெட்டுவார்கள், அதனால் அந்த வழி வந்த வீடியோவைத் தொடாதீர்கள். கொஞ்ச நேரத்தில் குடியேற்ற அதிகாரியின் பின்பக்கத்தில் ஓர் உதையும் உண்டு.

தேதியைப் பாருங்கள். 1917 பிப்ரவரியில் ஜனாதிபதி வில்சனின் மறுப்பையும் மீறிக் காங்கிரஸ் குடியேற்றச் சட்டம் போட்டது. 16 வயதுக்கு மேற்பட்டவருக்கு எழுத்தறிவுச் சோதனை. ஆசியாவின் பெரும்பகுதிக்கு, இந்தியா உள்பட, கதவடைப்பு. படம் வந்தது ஜூன் 17. முன்னுரையில் இந்த இரண்டு வரி போதும்.

தர்க்கவாதி:
அந்தச் சட்டத்தை மனசில் வைத்து எடுத்தார் என்பதற்கு ஆதாரம் ஏதும் உண்டா? படத்தில் முதலில் எடுத்தது இரண்டாம் பாதி. ஓட்டல், காசில்லாத ஆள், முரட்டு சர்வர். வெட்டிப்போட்ட துண்டுகளை வைத்து திரைப்பட வரலாற்றாளர்கள் பிரவுன்லோவும் கில்லும் 1983 தொலைக்காட்சித் தொடரில் காட்டியிருக்கிறார்களே. தொடக்கத்தில் அது கலைஞர்கள் கூடும் ஓட்டல் கதை. சர்வராக ஹென்றி பெர்க்மன் நடித்து, சரிப்படாமல் எரிக் கேம்பெல் வந்தார். ஓட்டலில் உட்காரும் சார்லி–நாயகி ஜோடி எங்கே சந்தித்தது என்று காரணம் தேவைப்பட்ட பிறகுதான் கப்பலே வந்தது. கதைக்கு ஒட்டுப்போட வந்த காட்சியை அரசியல் அறிக்கை ஆக்குகிறீர்கள்.

சுருள்பெட்டி:
காட்சி எதற்காக வந்தது என்பது வேறு, வந்த காட்சியில் என்ன வைத்தார் என்பது வேறு. ஜோடி சந்திக்கக் கப்பல் போதும், கயிறு தேவையில்லை. கப்பல் ஆட்டத்துக்குக் கேமரா முக்காலித் தலையில் ஊசல் மாட்டி, சாப்பாட்டறை செட்டையே ஆடும் அடித்தளத்தில் கட்டியிருக்கிறார்கள். சிரிப்புக்கு அதுவே தாராளம். சிலையையும் கயிற்றையும் அடுத்தடுத்து ஒட்டியது தெரிந்தே செய்த வேலை. பின்னாளில் சாப்ளினை அமெரிக்க விரோதி என்று தூற்றியவர்கள் அந்த உதையையும் கணக்கில் சேர்த்தார்கள். அவர்களுக்காவது புரிந்திருக்கிறது.

தர்க்கவாதி:
சரி, கயிறு விஷயத்தை ஏற்கிறேன். சட்டத்தைக் கோர்ப்பதை முன்னுரையில் ‘அதே ஆண்டு’ என்ற அளவில் நிறுத்துங்கள், ‘அதனால்’ என்று எழுதாதீர்கள்.

கொட்டகை ராசா:
ஒப்புக்கொள்கிறேன். போர்ப் படம் ஏதும் வேண்டாமா? ‘ஷோல்டர் ஆர்ம்ஸ்’?

மாயவிளக்கு:
நல்ல படம், ஆனால் மூன்று ரீல், உங்கள் 90-இல் பாதியைத் தின்றுவிடும். 1918 அக்டோபர் 20-இல் வெளியானது, மூன்று வாரத்தில் போர் முடிந்தது. தண்ணீர் நிறைந்த பதுங்குகுழியில் படுப்பது சிப்பாயின் நிஜக் கஷ்டத்தைக் காட்டுகிறது. ஆனால் மரத்தண்டு வேடத்தில் எதிரிகளைச் சாய்ப்பது, ஜெர்மன் கைசரைப் பிடிப்பது என்று போர்க்களம் முழுக்கவே பயிற்சி முகாமில் தூங்கும் சிப்பாயின் கனவு. கைசராக வருவது அண்ணன் சிட்னி சாப்ளின். அரசியல் கேலி என்று பார்த்தால் அரசு சொன்ன எதிரியையே அடிக்கிறது. பதுங்குகுழிப் பகுதிதான் கனம். நேரமிருந்தால் தனி நாளில் போடுங்கள்.

நந்தம்பாக்கம் ஆபரேட்டர்:
அதற்குப் பதில் நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் ‘காப்ஸ்’, 1922, 18 நிமிடம். முதல் ஷாட்டிலேயே கம்பிக்குப் பின்னால் நிற்கிறார். சிறையென்று நினைத்தால் மேயர் வீட்டு வாசல் கேட். அப்புறம் வண்டி நிறைய வீட்டுச் சாமானோடு போலீஸ் அணிவகுப்பின் நடுவில் மாட்டுகிறார். கூரையிலிருந்து ஓர் அராஜகவாதி குண்டு எறிய, அது கீட்டன் பக்கத்தில் விழுகிறது. அவர் பாட்டுக்கு அந்தத் திரியில் சிகரெட்டைப் பற்ற வைத்துக்கொண்டு, குண்டைத் தோளுக்குப் பின்னால் வீசிவிடுகிறார்.

1920 செப்டம்பர் 16-இல் வால் ஸ்ட்ரீட்டில் வெடித்த குண்டு வந்ததும் குதிரைவண்டியில்தான். 30-க்கு மேற்பட்டோர் செத்தார்கள். அதற்கு முன்பே இடதுசாரிகளை, வெளிநாட்டவரைக் கும்பலாகப் பிடித்து நாடு கடத்திக்கொண்டிருந்தார்கள். ஒன்றரை வருசத்தில் அதை வைத்து ஜோக்! குண்டு போட்டவன் யார், ஏன் என்று படம் கேட்கவே இல்லை. ஊரிலுள்ள அத்தனை போலீசும் சம்பந்தமில்லாத ஒருத்தனைத் துரத்துகிறது. துரத்தலில் கூட்டத்தின் அளவுதான் சிரிப்பு, ஆகவே பெரிய திரை அவசியம். சின்ன டிவியில் போலீஸ் எறும்பாகிவிடும்.

அப்போது கீட்டனின் நண்பரான நடிகர் ஆர்பக்கிள் மேல் ஒரு பெண்ணின் சாவுக்காக வழக்கு நடந்ததால் இது கீட்டனின் மறைமுகப் பதில் என்று சிலர் எழுதுவார்கள். எனக்கு அது நீட்டி முழக்குவதாகவே படுகிறது.

வானதி க.:
இரண்டாம் நாள் கிடைத்தால் லுபிட்ஷின் ‘காட்டுப்பூனை’, ஜெர்மனி, 1921. போலா நெக்ரி கொள்ளைக்காரன் மகள். கோட்டைத் தளபதி, பகட்டு லெப்டினன்ட், அலங்காரச் சீருடை எல்லாமே கேலி. அந்த லெப்டினன்ட் ஊரைவிட்டுக் கிளம்பும்போது வழியனுப்பப் பெண்கள் கூட்டம், கூடவே அவரை ‘அப்பா’ என்று அழைத்துக் கையசைக்கும் பிள்ளைகள் கூட்டம். படை அடிவாங்கித் திரும்பி வந்து வெற்றிவிழா கொண்டாடுகிறது. போரில் தோற்று மூன்று வருசமேயான நாட்டில் இதைக் காட்டினால் என்ன நடக்கும்? படுத்துவிட்டது. சட்டகத்தைச் சாய்வு, அலை, முட்டை என்று வடிவ வடிவமாக மறைத்து எடுத்திருப்பார்கள். கறுப்பு ஓரத்தைப் பழுது என்று நினைத்து ஆபரேட்டர் பெரிதாக்கிவிடாமல் முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

சோவியத் பக்கம் குலெஷோவின் ‘மிஸ்டர் வெஸ்ட்’, 1924. போல்ஷ்விக் என்றால் ரோமத்தோல் போர்த்திய காட்டுமிராண்டி என்று பத்திரிகைப் படம் பார்த்து மிரண்ட அமெரிக்கர், கௌபாய் ஒருவனைக் காவலுக்குக் கூட்டிக்கொண்டு மாஸ்கோ போகிறார். திருட்டுக் கும்பல் அதே படத்தில் உள்ளபடி வேடம் போட்டு அவரைக் கறக்கிறது. அதுவரை பிரமாதம். கடைசியில் நிஜ போல்ஷ்விக் வந்து ஊர் சுற்றிக் காட்டுவது விளம்பரம்.

தர்க்கவாதி:
அமெரிக்க நகைச்சுவையாளர் வில் ரோஜர்ஸின் ‘கோயிங் டு காங்கிரஸ்’ (1924) பற்றி யாரும் சொல்லவில்லை. ஒன்றுமறியாத ஆளைக் கட்சிக்காரர்கள் வேட்பாளராக்கும் கதை. ஆனால் சிரிப்பு முழுக்க அட்டை வசனத்தில். தமிழ் எழுத்து கீழே ஓட ஓடப் பார்த்தால் பாதி சிந்திவிடும்.

கொட்டகை ராசா:
நம் பக்கத்துக்கு ஏதும் தொடர்பு உண்டா? சென்னைத் தணிக்கை பற்றி ஒரு வரி சொன்னால் பிள்ளைகள் காது கொடுப்பார்கள்.

வானதி க.:
நகைச்சுவை என்றால் 1921-இல் வந்த தீரேந்திரநாத் கங்குலியின் வங்காளப் படம் ‘பிலாத் ஃபெரத்’, சீமைக்குப் போய்வந்தவனைக் கிண்டல் செய்தது. தணிக்கை என்றால் அதே ஆண்டின் ‘பக்த விதுரர்’. விதுரருக்குக் காந்தி குல்லா போட்டுவிட்டதால் சென்னை மாகாணத்தில் தடை. ஆனால் அது புராணப்படம், சிரிப்பு இல்லை. 1918 சட்டப்படி வந்த வாரியங்களுக்குத் தலைவர் போலீஸ் கமிஷனர். சிகாகோவில் 1907 முதலே அனுமதி போலீஸ் கையில். 1915-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றமும் சினிமா வெறும் வியாபாரம், பேச்சுரிமை பொருந்தாது என்று தீர்ப்புச் சொல்லிவிட்டது. அது மாற 1952 ஆனது. ‘காப்ஸ்’ போடும் முன் இதைச் சொன்னால் பொருந்தும்.

சுருள்பெட்டி:
அப்படியானால் வரிசை: டெடி 1, லியோபோல்ட் 10, அலிஸ் கீ 7, சுரங்கம் 15, இமிக்ரன்ட் 24, காப்ஸ் 18. மொத்தம் 75 நிமிடம். மிச்சம் 15 முன்னுரைக்கும் மூச்சு விடவும். ஒவ்வொரு படத்துக்கும் முன்னால் ஒரே ஒரு நிலைப்படம், பத்து விநாடி: ஆண்டு, ஒரு செய்தி. ஜோக்கை விளக்க வேண்டாம். டெடிக்கு டேவன்போர்ட் கார்ட்டூனையே போடுங்கள். தமிழ் வரியை ஆங்கில அட்டை வருவதற்கு முன் ஒரு ஃப்ரேம்கூடக் காட்டாதீர்கள், மறையும்போது கூடவே மறையட்டும். கயிறு வரும் இடத்தில் பியானோ சும்மா இருக்கட்டும். உதைக்கு ‘டொய்ங்’ சத்தம் வேண்டவே வேண்டாம்.

கொட்டகை ராசா:
இவை எல்லாம் காப்புரிமை தீர்ந்தவைதானே? டிஸ்க் வாங்கி அப்படியே ஓட்டலாமா?

நந்தம்பாக்கம் ஆபரேட்டர்:
மூலப் படத்துக்குத்தான் தீர்ந்தது. மீட்டெடுத்த பிரதியைப் பொதுவில் காட்ட அந்தக் காப்பகம் நிபந்தனை வைத்திருக்கலாம், டிஸ்கில் உள்ள புது இசைக்கு உரிமை தனி. காப்பகத்துக்கு ஒரு மாதம் முன்பே எழுதிக் கேளுங்கள், என்ன வேகத்தில் கோப்பு தருவார்கள் என்பதையும் அதே கடிதத்தில் கேட்டுவிடுங்கள். பதில் வராத படத்துக்குக் காங்கிரஸ் நூலகம் இலவசமாகப் போட்டிருக்கும் டெடி மாதிரியானதை மாற்றாக வைத்துக்கொண்டு, பியானோ வாசிப்பவருக்கு ஒத்திகைக் கோப்பு கொடுக்கும்போது இறுதி வேகத்தில் உள்ளதையே கொடுங்கள். 24-இல் ஒத்திகை பார்த்துவிட்டு 20-இல் வாசிக்கச் சொன்னால் ‘இமிக்ரன்ட்’டில் மட்டும் நாலு நிமிடம் இடிக்கும்.